யாருடைய சாவுக்கு இந்த இசை? மேற்கத்திய செவ்வியல் இசையும் அதிகாரமும் வீழ்ந்த நாயகர்களும்

பீத்தோவன் நெப்போலியனுக்காக ஒரு சிம்பொனி எழுதினார். நெப்போலியன் தன்னைப் பேரரசன் என்று அறிவித்துக்கொண்டதும் கோபத்தில் முதல் பக்கத்தைக் கிழித்துப் போட்டார். இந்தக் கதையை எங்காவது கேட்டிருப்பீர்கள். மேற்கத்திய செவ்வியல் இசைக்கும் அரசியலுக்கும் என்ன சம்பந்தம் என்று பேச்சு எழுந்தாலே முதலில் இதைத்தான் எடுத்துப் போடுவார்கள். கதை பொய் இல்லை, கொஞ்சம் அரைகுறை, அவ்வளவுதான். அதிலிருந்து ஆளாளுக்கு இழுக்கிற முடிவில்தான் சிக்கல். ஒரு சாரார், அந்த இசையின் ஒவ்வொரு சுரமும் நெப்போலியன்தான், இந்த இடத்தில் குதிரை ஏறுகிறார், அந்த இடத்தில் போர்க்களத்தில் விழுகிறார் என்று உரை எழுதுகிறார்கள். இன்னொரு சாரார், இசை வெறும் ஒலி, அதில் அரசியலாவது மண்ணாங்கட்டியாவது என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள்.

இரண்டு பேச்சையும் கேட்டுக் கேட்டு அலுத்துப்போய்த்தான் இதை எழுதுகிறேன். இசை படித்திருக்க வேண்டியதில்லை. தேவைப்படும் நாலைந்து சொற்களை, அவை வரும் இடத்திலேயே சொல்லிவிடுகிறேன்.

## தூரத்தில் போகும் ஊர்வலம்

ஒரு மேட்டில் நிற்கிறீர்கள். கீழே வெகு தூரத்தில் ஒரு கூட்டம் நடந்து போகிறது. முகம் தெரியவில்லை, பேச்சும் கேட்கவில்லை. இருந்தாலும் அது கல்யாண ஊர்வலமா சாவு ஊர்வலமா என்று நடையைப் பார்த்தே சொல்லிவிடலாம். தோளில் பாரம் சுமப்பவர்களின் நடை தனி: அடிகள் ஒன்றாக விழும், அவசரம் இருக்காது, எங்காவது ஒருவர் தடுமாறினால் மொத்தக் கூட்டமும் ஒரு கணம் நிற்கும். பின்னால் வருகிறவர்களில் யாரோ ஒருவரால் நடக்கவே முடியவில்லை என்பதுகூடத் தெரியும். ஆனால் செத்தது யார்? ராஜாவா, கூலியாளா, நல்லவரா, ஊரை ஏய்த்தவரா? இதெல்லாம் கீழே இறங்கிப் போய் யாரிடமாவது கேட்டால்தான் தெரியும்.

பாட்டு இல்லாத, வாத்தியங்கள் மட்டும் வாசிக்கும் இசை இப்படித்தான் வேலை செய்கிறது. எப்படிப்பட்ட துக்கம், எப்படி எழுந்தது, எங்கே உடைந்தது, எப்படி அடங்கியது என்பதையெல்லாம் சொற்களால் சொல்ல முடியாத அளவுக்கு நுணுக்கமாகக் காட்டிவிடும். யாருக்காக என்பதை மட்டும் அதனால் சொல்லவே முடியாது. ஒரு தாலாட்டை வார்த்தை இல்லாமல் முணுமுணுத்துப் பாருங்கள். குழந்தை தூங்கிவிடும், ஆனால் பாட்டில் இருந்த குழந்தையின் பெயர் போயிருக்கும். பெயருக்குச் சொல் வேண்டும், சுரத்திடம் சொல் கிடையாது.

இந்த ஒரு வித்தியாசத்தைப் பிடித்துக்கொண்டால் மீதியெல்லாம் தானாகப் புரியும். அதிகாரத்துக்கு வேண்டியது பெயர். இசையால் தர முடிந்தது உருவம். அதனால் அதிகாரம் எப்போதும் வெளியிலிருந்து ஒரு பெயரைக் கொண்டுவந்து இசையின் மேல் ஒட்டப் பார்க்கும். வெளியிலிருந்து ஒட்டியதை உரிக்கவும் முடியும்.

## நடை எப்படி இசையாகிறது

அந்த நெப்போலியன் கதையின் சிம்பொனியையே எடுத்துக்கொள்வோம். சிம்பொனி என்பது ஆர்கெஸ்ட்ரா எனப்படும் பெரிய வாத்தியக் குழுவுக்காக எழுதப்படும் நீண்ட படைப்பு, வழக்கமாக நான்கு பகுதிகள் இருக்கும். பீத்தோவனின் மூன்றாவது சிம்பொனி 1803, 1804 ஆண்டுகளில் எழுதப்பட்டது. ‘எரோய்க்கா’ என்று பெயர், அதாவது வீர சிம்பொனி. ஏறக்குறைய 50 நிமிடம் ஓடும்.

இதன் இரண்டாவது பகுதி ஒரு இறுதி நடை. இறுதி நடை என்றால் சவ ஊர்வலத்தில் நடப்பதற்கென்று எழுதும் மெதுவான இசை. இது பீத்தோவன் கண்டுபிடித்ததில்லை. பிரெஞ்சுப் புரட்சிக் காலத்தில் பாரிஸ் தெருக்களில் புரட்சியின் நாயகர்களை இப்படித்தான் அடக்கம் செய்யக் கொண்டுபோனார்கள். கோசெக் என்பவர் 1790இல் எழுதிய துக்க நடை, அடுத்த ஆண்டு மிராபோ என்ற தலைவரின் இறுதி ஊர்வலத்தில் வாசிக்கப்பட்டது. ஆக, இறுதி நடை என்பது பீத்தோவன் கைக்கு வரும்போதே அரசியல் வாசம் அடித்துக்கொண்டிருந்த ஒரு வடிவம்.

இப்போது அந்தப் பகுதியின் முதல் சில நொடிகளைக் கிட்டத்தில் பார்ப்போம். வயலின்கள் தங்கள் நான்கு கம்பிகளில் ஆகத் தாழ்ந்த கம்பியில், ஏறக்குறைய கிசுகிசுப்பாக, மெட்டைத் தொடங்குகின்றன. அடியில் டபுள் பேஸ், அதாவது ஆள் உயரத்துக்கும் மேலே நிற்கும் பெரிய தந்தி வாத்தியம், ஒவ்வொரு அடிக்கும் முன்னால் சின்னச் சின்னச் சுரங்களை விறுவிறுவென்று உருட்டிவிட்டு அடியில் வந்து நிற்கிறது. அது ஏன் என்று யோசித்தால் புரியும்: துணி சுற்றி ஒலியை மட்டுப்படுத்திய ஊர்வல மேளத்தின் உருட்டல் அது. மேளமே இல்லாமல் மேளத்தைக் கேட்க வைக்கிறார். அப்புறம் அதே மெட்டை ஓபோ எடுத்துக்கொள்கிறது. ஓபோ கொஞ்சம் மூக்கால் பேசுவது போன்ற குரலுள்ள குழல் வாத்தியம். கூட்டத்தின் முணுமுணுப்பு ஒரு தனி மனிதரின் அழுகையாக மாறுவது அந்த இடத்தில்தான்.

இந்த இசை மைனரில் இருக்கிறது. மைனர், மேஜர் என்று அடிக்கடி கேட்டிருப்பீர்கள். இரண்டும் சுர வரிசைகள். காந்தாரம் அரைச் சுரம் இறங்கி இருந்தால் மைனர், ஏறி இருந்தால் மேஜர் என்று வைத்துக்கொண்டால் நமக்குப் போதும். மைனர் துக்கம், மேஜர் மகிழ்ச்சி என்பது ஐரோப்பியக் காதுகளுக்குப் பல தலைமுறையாகப் பழகிய பழக்கம். இயற்கை விதி ஒன்றும் இல்லை. ஆனால் அந்தப் பழக்கத்தை நம்பித்தான் எழுதுகிறவர் எழுதுகிறார், கேட்கிறவர் கேட்கிறார். நடுவே இசை மேஜருக்கு மாறி, எக்காளமும் பேரிகையும் முழங்கி, ஒரு கணம் செத்தவரின் வாழ்வு கண்ணில் தெரிவது போல ஒளி வருகிறது. வந்த வேகத்தில் போய்விடுகிறது.

என்னை ஒவ்வொரு முறையும் உலுக்குவது இதன் முடிவுதான். தொடக்கத்தில் முழுசாக வந்த அதே மெட்டு கடைசியில் திரும்பி வருகிறது, ஆனால் துண்டு துண்டாக. இரண்டு சுரம், மௌனம். மூன்று சுரம், மௌனம். ஒரு வாக்கியத்தைச் சொல்ல ஆரம்பித்து, தொண்டை அடைத்து நின்று, மறுபடி ஆரம்பித்து, மறுபடி நிற்கிற மனிதரைப் பார்த்திருப்பீர்களே, அதேதான். சொல்லே இல்லாமல், சொல் வராமல் போவதை எழுதியிருக்கிறார்.

இங்கே ஒன்றைக் கேட்க வேண்டும். நாயகன் இரண்டாவது பகுதியிலேயே செத்துவிட்டால், மூன்றும் நான்கும் யாரைப் பற்றி? 1804இல் நெப்போலியனுக்கு வயது 34. உயிரோடு, உச்சத்தில் இருந்தார். 1821இல்தான் இறந்தார். கடைசிப் பகுதியிலோ பீத்தோவன் தன் பழைய பாலே ஒன்றுக்கு, அதாவது நடன நாடகத்துக்கு, எழுதிய மெட்டை எடுத்து ஆள்கிறார்; அது மனிதர்களுக்கு நெருப்பைக் கொண்டுவந்து கொடுத்த கிரேக்கப் புராண நாயகன் புரோமிதியஸ் பற்றியது. இந்த சிம்பொனியை நெப்போலியனின் வாழ்க்கை வரலாறாக வாசிப்பவர்கள் தடுக்கி விழுவது இங்கேதான். இது ஒரு நாயகன் எழுவதும் வீழ்வதும், அதற்குப் பிறகும் ஏதோ தொடர்வதும். பொது உருவம், காலியான சட்டம். உள்ளே படம் யார் வேண்டுமானாலும் வைக்கலாம்.

## பெயர் ஒட்டும் இடங்கள்

சரி, அப்படியானால் நெப்போலியன் எங்கே இருந்தார்? அட்டையில்.

இங்கே இரண்டு விஷயத்தைப் பிரித்துக்கொள்ள வேண்டும், பெரும்பாலான குழப்பம் இவற்றைக் கலப்பதால்தான் வருகிறது. ஒன்று தலைப்பு: படைப்பின் பெயர். இன்னொன்று அர்ப்பணிப்பு: இந்தப் படைப்பு இன்னாருக்கு என்று அட்டையில் எழுதுவது. இன்று நூல்களில் அர்ப்பணிப்பு என்பது அன்பு, நன்றி. அன்று அது பெரும்பாலும் பண விவகாரம். புரவலர், அதாவது கலைஞருக்குப் பணமும் பாதுகாப்பும் தரும் பிரபு, கொடுத்த காசுக்குத் தன் பெயரை அட்டையில் பார்ப்பார்.

1803 அக்டோபரில் பீத்தோவனின் மாணவர் ரீஸ் எழுதிய ஒரு கடிதத்தில் இது அப்பட்டமாக இருக்கிறது. பீத்தோவனுக்கு இதை போனபார்ட்டுக்கு, அதாவது நெப்போலியனுக்கு, அர்ப்பணிக்க ஆசை. ஆனால் லோப்கோவிட்ஸ் இளவரசர் இதை ஆறு மாதம் தன்னிடமே வைத்துக்கொள்ள 400 குல்டன் தருவதாகச் சொல்கிறார். அர்ப்பணிப்பு அவருக்குப் போனால், தலைப்பு போனபார்ட் என்று இருக்கட்டும். கொள்கையும் கூலியும் எப்படி ஒரே அட்டையில் இடம் பிடிக்கப் பார்த்தன என்று பாருங்கள்.

1804 மே மாதம் நெப்போலியன் பேரரசர் ஆனார். செய்தியைக் கொண்டுபோய்ச் சொன்னதும் அதே ரீஸ்தான். பீத்தோவன் வெகுண்டு, இவனும் சாதாரண மனிதன்தானா, இனி எல்லா மனித உரிமைகளையும் காலில் போட்டு மிதிப்பான் என்ற பொருளில் கத்திவிட்டு, அட்டைப் பக்கத்தைக் கிழித்தார் என்று ரீஸ் பின்னாளில் எழுதினார். இந்த நினைவு அச்சில் வந்தது 1838இல், நடந்து 34 ஆண்டுகள் கழித்து.

ஆனால் வியன்னாவில் இன்னொரு பிரதி இன்றும் இருக்கிறது. நகல் எடுப்பவர் எழுதிய பிரதி, பீத்தோவன் திருத்தங்களுடன். அதன் முதல் பக்கத்தில் போனபார்ட் என்ற பெயர் இருந்த இடத்தைச் சுரண்டியிருக்கிறார்கள்; எவ்வளவு ஆத்திரமாகச் சுரண்டியிருந்தால் தாளில் ஓட்டையே விழுந்திருக்கும்! அதோடு முடிந்திருந்தால் கதை சுலபம். அதே பக்கத்தில் கீழே, பீத்தோவன் கையெழுத்தில், பென்சிலில், ‘போனபார்ட்டைக் குறித்து எழுதியது’ என்று இருக்கிறது. போதாக்குறைக்கு, கோபம் வந்து மூன்று மாதம் கழித்து, 1804 ஆகஸ்டு 26 அன்று பதிப்பாளருக்கு எழுதிய கடிதத்திலும் இந்த சிம்பொனியின் தலைப்பு உண்மையில் போனபார்ட் என்றே சொல்கிறார். 1806இல் அச்சில் வந்தபோதுதான் இத்தாலிய மொழியில் ‘வீர சிம்பொனி, ஒரு மாமனிதரின் நினைவைக் கொண்டாட இயற்றியது’ என்று ஆனது. அர்ப்பணிப்பு லோப்கோவிட்ஸுக்கு.

ஒரு மாமனிதர். யார் என்று இல்லை. உயிரோடிருப்பவருக்கு யாரும் ‘நினைவு’ கொண்டாட மாட்டார்கள். பீத்தோவன் மனதில் எது செத்துப்போனது என்பதை அந்த ஒரு சொல்லில் கேட்க முடிகிறது என்று நான் நினைக்கிறேன்.

இதுவரை வந்ததைச் சுருக்கினால்: இசைக்குள் இருப்பது நடையும் உடைவும் எழுச்சியும். பெயர் இருப்பது தலைப்பில், அர்ப்பணிப்பில். நெப்போலியனை பீத்தோவன் எடுத்தது அட்டையிலிருந்து. இசைக்குள்ளிருந்து எடுக்க அங்கே பெயர் இருக்கவில்லை.

## பெயரை இசைக்குள்ளேயே அறைந்தால்

பீத்தோவன் அதிகாரத்துக்குத் தலைவணங்காத மனிதர் என்று மட்டும் சொல்லி நிறுத்துவது நேர்மையாக இருக்காது. 1813இல் ஸ்பெயினில் பிரிட்டிஷ் தளபதி வெலிங்டன் நெப்போலியன் தரப்பின் பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்தார். அதே ஆண்டு டிசம்பர் 8 அன்று வியன்னாவில் பீத்தோவனின் ‘வெலிங்டனின் வெற்றி’ அரங்கேறியது. இரண்டு பக்கமும் இரண்டு படைகள், ஆளுக்கொரு நாட்டின் மெட்டு, எந்த இடத்தில் எந்தப் பக்கத்துப் பீரங்கி வெடிக்க வேண்டும் என்று தாளிலேயே குறிப்பு. கூட்டம் கொண்டாடித் தீர்த்தது. அடுத்த ஆண்டு ஐரோப்பாவின் மன்னர்கள் வியன்னாவில் கூடி நெப்போலியனுக்குப் பிறகான வரைபடத்தைப் போட்டபோது, அவர்களை வாழ்த்தியும் ஒரு பாடற்படைப்பு எழுதினார்.

இன்று ‘வெலிங்டனின் வெற்றி’யை வேடிக்கைக்காகத்தான் வாசிக்கிறார்கள். எரோய்க்காவைத் தந்த அதே கை எழுதியதுதான். ஆனால் இங்கே நிகழ்ச்சியை இசைக்குள்ளேயே ஆணி அடித்துவிட்டார். அந்தப் போரின் சூடு ஆறியதும் இசையும் ஆறிப்போனது. வேறு யாருக்கும் அதைக் கழற்றி மாட்ட முடியாது.

## ஒரே நடை, வேறு வேறு சவங்கள்

எரோய்க்காவின் காலிச் சட்டத்தில் பின்னால் வந்தவர்கள் யார் யாரையெல்லாம் வைத்தார்கள் என்று பார்த்தால் இது எப்படி வேலை செய்கிறது என்பது துலக்கமாகிவிடும்.

1892, பெர்லின். ஹான்ஸ் ஃபான் பியூலோ என்ற புகழ்பெற்ற இசை நடத்துனர், அதாவது வாத்தியக் குழுவின் முன் நின்று வழிநடத்துபவர், எரோய்க்காவை வாசித்து முடித்ததும் மேடையிலேயே ஒரு சொற்பொழிவு ஆற்றி, இந்த சிம்பொனியை பிஸ்மார்க்குக்கு மறு அர்ப்பணிப்பு செய்வதாக அறிவித்தார். ஜெர்மனியை ஒன்றாக்கிய பிஸ்மார்க்கை இளம் பேரரசர் இரண்டு ஆண்டுகளுக்கு முன்புதான் பதவியிலிருந்து இறக்கியிருந்தார், ஆக அவரும் வீழ்ந்த நாயகர். புரட்சியின் முழக்கமான சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்பதற்குப் பதிலாக காலாட்படை, குதிரைப்படை, பீரங்கிப்படை என்றாராம். எழுதி 88 ஆண்டுகளில் இசை எங்கிருந்து எங்கே வந்துவிட்டது பாருங்கள்.

1942, அமெரிக்கா. நாஜிகளிடமிருந்து 1933இல் தப்பி வந்த யூத இசையமைப்பாளர் ஷோன்பெர்க், ஆங்கிலக் கவி பைரன் 1814இல் நெப்போலியன் பதவி இழந்தபோது எழுதிய ஏளனக் கவிதையை எடுத்தார். நான்கு தந்தி வாத்தியங்கள், ஒரு பியானோ, கவிதையைப் பாடாமல் பேசும் ஒரு குரல். சொல்லில் நெப்போலியன், குறி ஹிட்லர் மேல். கேட்டவர் எவருக்கும் அதில் சந்தேகம் வந்திருக்காது. ஷோன்பெர்க்கின் பாணி மேஜர், மைனர் என்று எதற்கும் எளிதில் பிடிகொடுக்காது. ஆனால் இந்தப் படைப்பு கடைசியில் வந்து நிற்பது இ ஃப்ளாட் மேஜரில். எரோய்க்கா தொடங்கி முடிவதும் அதே சுருதியில்தான்.

மூன்றாவது, எனக்கு மிகவும் கனமானது. ரிச்சர்ட் ஸ்ட்ராஸ், ஜெர்மன் இசையமைப்பாளர், வயது 80. நாஜி அரசு தொடங்கிய இசைத்துறை மன்றத்துக்கு 1933 முதல் 1935 வரை தலைவராக இருந்தவர். தன் யூத நண்பருக்கு எழுதிய கடிதம் ரகசியப் போலீஸ் கையில் சிக்கியதால் பதவி போனது. 1943இல் குண்டுவீச்சில் மியூனிக் ஓபரா அரங்கம், அதாவது முழுக்கப் பாடி நடிக்கும் நாடகங்களுக்கான அரங்கம், அழிந்தது. அவர் தந்தை 40 ஆண்டுகளுக்கு மேல் ஹார்ன் என்ற பித்தளைக் குழல் வாத்தியம் வாசித்த குழுவின் வீடு அது. 1945இல் டிரெஸ்டன், பிறகு வியன்னா. அந்த மாதங்களில் 23 தந்தி வாத்தியங்களுக்காக ‘மெட்டாமார்ஃபோசன்’ எழுதினார், முடித்தது 1945 ஏப்ரல் 12.

அரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவான அந்த இசை முழுக்க ஏதோ ஒரு நொண்டும் தாளம், எங்கோ கேட்டது போல, திரும்பத் திரும்ப வரும். கடைசிச் சில வரிகளில் அடியிலிருந்து செல்லோக்களும் டபுள் பேஸ்களும் அதை வெளிப்படையாகச் சொல்கின்றன: எரோய்க்காவின் இறுதி நடை. இப்படி ஒரு படைப்புக்குள் இன்னொருவரின் மெட்டை வேண்டுமென்றே கொண்டுவந்து வைப்பதற்கு மேற்கோள் என்று பெயர். அந்த இடத்தில் தாளில் ஸ்ட்ராஸ் எழுதிய சொல்: ‘நினைவாக’. லத்தீனில், ஆச்சரியக்குறியுடன்.

யார் நினைவாக? ஹிட்லருக்கான இரங்கல் என்று போருக்குப் பின் குற்றம் சாட்டியவர்கள் உண்டு. பீத்தோவனுக்கு என்றவர்கள் உண்டு. எரிந்துபோன அரங்குகளுக்கும் அவற்றோடு போன ஒரு பண்பாட்டுக்கும் என்று பலர் சொல்கிறார்கள், நானும் அந்தப் பக்கம்தான் சாய்கிறேன். ஆனால் அந்த அரங்குகள் எரிவதற்கு வழிவகுத்த ஆட்சியிடம் பதவி வாங்கிய கைதான் இதை எழுதியது, அதை மறந்துவிட்டு இந்த இசையில் கரைய எனக்கு மனம் வராது. பெயர் இல்லாத சட்டம் என்பதன் மறுபக்கம் இது: எழுதியவர் தன் துக்கத்தைக் காட்டலாம், எதற்காக என்று சொல்லாமலே இருந்துவிடலாம்.

## அதிகாரம் மிரட்டும்போது

பணம் கொடுக்கிற அதிகாரம் ஒரு வகை. உயிரைக் கையில் வைத்திருக்கிற அதிகாரம் இன்னொரு வகை.

1936 ஜனவரி 26 அன்று ஸ்டாலின் மாஸ்கோவில் சோவியத் இசையமைப்பாளர் ஷோஸ்டகோவிச்சின் ஓபரா ஒன்றைப் பார்க்க வந்தார். இது இரண்டு ஆண்டுகளாக வெற்றிகரமாக ஓடிக்கொண்டிருந்தது. ஸ்டாலின் முடிவதற்கு முன்பே எழுந்து போய்விட்டார். இரண்டே நாளில் கட்சி நாளேடான பிராவ்தாவில் ‘இசைக்குப் பதில் குழப்பம்’ என்று பெயர் போடாத தலையங்கம். அன்றைய சோவியத் யூனியனில் இது வெறும் மோசமான விமர்சனம் இல்லை. அடுத்த ஆண்டு, ஷோஸ்டகோவிச்சுக்கு ஆதரவாக இருந்த மார்ஷல் துகாசெவ்ஸ்கியைச் சுட்டுக் கொன்றார்கள். தன் நான்காவது சிம்பொனியை ஒத்திகை நிலையிலேயே ஷோஸ்டகோவிச் திரும்பப் பெற்றுக்கொண்டார். அது மேடை ஏற 1961 டிசம்பர் வரை காத்திருந்தது.

இந்த நிலையில் 1937 நவம்பர் 21 அன்று லெனின்கிராடில் ஐந்தாவது சிம்பொனி. இதற்கு, நியாயமான விமர்சனத்துக்கு ஒரு சோவியத் கலைஞனின் பதில் என்ற பட்டம் பத்திரிகை வழியாக வந்து ஒட்டிக்கொண்டது. அட்டையை யார் எழுதுகிறார்கள் என்று கவனியுங்கள்.

உள்ளே என்ன? மூன்றாவது பகுதி மெதுவானது. எக்காளம், ஹார்ன் போன்ற பித்தளை வாத்தியக்காரர்கள் அத்தனை பேரும் அந்தப் பகுதி முழுக்கக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். ராணுவத்தின் குரலும் அரசின் குரலும் பித்தளையில்தான் வரும், அது இங்கே இல்லை. தந்தி வாத்தியங்கள் பல குழுக்களாகப் பிரிந்து முணுமுணுக்கின்றன, தனித்தனிக் குழல்கள் ஒவ்வொன்றாக எழுந்து பேசி அடங்குகின்றன. அரங்கில் பலர் வெளிப்படையாக அழுதார்கள். அந்த ஆண்டு வீட்டில் யாரையாவது இழந்தவர்கள் அங்கே எத்தனை பேர் இருந்திருப்பார்கள்! கைதானவருக்காக வெளியே அழக்கூட முடியாத காலம். இங்கே அழலாம், காரணம் கேட்டால் இசை என்று சொல்லலாம்.

அப்புறம் கடைசிப் பகுதி. கேட்டது வெற்றி முழக்கம், கொடுத்ததும் அதுதான்: மேஜர், பித்தளை, பேரிகை, எல்லாம் உச்சத்தில். ஆனால் கடைசிப் பக்கங்களில் வயலின்களையும் குழல்களையும் மட்டும் காது கொடுத்துக் கேளுங்கள். ஒரே சுரம். அதே சுரம். மறுபடி அதே சுரம், சுத்தியலால் அடிப்பது போல, நிறுத்தவே மாட்டேன் என்று. இது மகிழ்ச்சியா, மகிழ்ச்சியாக இரு என்று ஒருவன் முதுகில் அடிப்பதா? அதிகாரிகள் முதலாவதைக் கேட்டார்கள், அரங்கில் பலர் இரண்டாவதைக் கேட்டார்கள், கைதட்டல் அரை மணி நேரத்துக்கு மேல் நீடித்ததாகச் சொல்கிறார்கள். இரண்டு தரப்பும் ஒரே இசைக்குத்தான் கைதட்டின.

இதைப் படித்துவிட்டு, அப்படியானால் ஷோஸ்டகோவிச்சின் ஒவ்வொரு சுரமும் ரகசிய எதிர்ப்புத்தான் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். அது நெப்போலியனைக் குதிரையேற்றியவர்கள் செய்த அதே தவறு, வேறு சட்டை போட்டுக்கொண்டு வருகிறது. ஸ்டாலினின் காடு வளர்ப்புத் திட்டத்தைப் பாடும் ‘காடுகளின் பாடல்’ என்ற படைப்பையும் 1949இல் இவர்தான் எழுதினார், அரசுப் பரிசும் பெற்றார். அதில் சொற்கள் இருந்தன, சொற்களில் ஸ்டாலின் இருந்தார். ஸ்டாலின் இறந்து அவர் பெயரே வேண்டாத பெயர் ஆனபோது, வரிகளை மாற்றித்தான் அதைப் பாட வேண்டியிருந்தது. சொல் இருக்கும் இடத்துக்குத்தான் கத்தரிக்கோல் போகும். ஐந்தாவது சிம்பொனியில் அதற்கு வேலையே இல்லை.

சுருக்கமாக: அதிகாரம் தலைப்பையும் பட்டத்தையும் எந்த நாளில் எந்த மேடையில் வாசிப்பது என்பதையும் கட்டுப்படுத்தும். கேட்கிறவர் தன் மனதில் எந்த முகத்தை வைத்துக்கொண்டு கேட்கிறார் என்பது அதன் கைக்கு எட்டாது. நன்மையும் ஆபத்தும் இரண்டும் அதில்தான். எட்டாத அந்த இடத்தில் லெனின்கிராடு தன் செத்தவர்களை வைத்தது, பியூலோ பீரங்கிப்படையை வைத்தார்.

## பாஸ்டன், 1963

கடைசியாக ஒரு ஒலிப்பதிவு. 1963 நவம்பர் 22, வெள்ளிக்கிழமை மதியம், பாஸ்டன் சிம்பொனி அரங்கம். வானொலியில் நேரடி ஒலிபரப்பு என்பதால் அன்று நடந்தது அப்படியே பதிவாகி இருக்கிறது.

பார்வையாளர்கள் வீட்டை விட்டுக் கிளம்பும்போது எந்தச் செய்தியும் இல்லை. நிகழ்ச்சி நடந்துகொண்டிருக்கும்போது தகவல் வருகிறது. வாத்தியக் குழுவின் நூலகத்தில் இருந்தவர்கள் அவசரமாக எரோய்க்காவின் தாள்களைத் தேடி எடுத்து மேடைக்குக் கொண்டுவந்து ஒவ்வொரு வாத்தியக்காரராகக் கொடுக்கிறார்கள். பலருக்கு விஷயம் தெரிந்ததே அப்போதுதான். நடத்துனர் எரிக் லெயின்ஸ்டார்ஃப், வியன்னாவில் பிறந்தவர், கூட்டத்தைப் பார்த்துத் திரும்பிப் பேசுகிறார். செய்தி நிறுவனங்கள் வழியாக ஒரு தகவல், உறுதியாகாத தகவலாக இருக்க வேண்டும் என்று நம்புகிறோம், ஆனால் சந்தேகப்பட வேண்டியிருக்கிறது, அமெரிக்கக் குடியரசுத் தலைவர் கொலைக்கு ஆளாகியிருக்கிறார் என்கிறார். கென்னடியைத்தான் சொல்கிறார்.

கூட்டத்திலிருந்து ஒரு அதிர்ச்சி ஒலி எழுகிறது. மூச்சை இழுக்கும் ஒலி, நம்பாத ஒலி. சிலர் சரியாகக் கேட்டோமா என்று பக்கத்தில் இருப்பவரைக் கேட்பது போன்ற சலசலப்பு.

அடுத்த வாக்கியம் சின்னது. பீத்தோவனின் மூன்றாவது சிம்பொனியிலிருந்து இறுதி நடையை வாசிப்போம் என்கிறார்.

அதற்கு ஒரு இரண்டாவது ஒலி எழுகிறது. முதலாவதைப் போல இல்லை, தாழ்ந்து, நீண்டு, மொத்த அரங்கமும் சேர்ந்து முனகுவது போல. செய்தியைச் சொற்களில் கேட்டபோது இன்னும் ஒரு நூல் நம்பிக்கை இருந்திருக்கும். எந்த இசை வரப்போகிறது என்று கேட்டதும் அந்த நூலும் அறுந்தது.

பிறகு அரங்கம் அடங்குகிறது. டபுள் பேஸ்கள் துணி சுற்றிய மேளத்தை உருட்ட, வயலின்கள் தாழ்ந்த கம்பியில் தொடங்குகின்றன.